அடைப்பான் தடுப்பூசி: வடசென்னையில் ஆடு மாடு வைத்திருப்பவர்கள் செய்ய வேண்டியவை

அடைப்பான் (ஆந்த்ராக்ஸ்) ஊசி, கோமாரி ஊசியைப் போல வீடு தவறாமல் எல்லா மாட்டுக்கும் போடுகிற ஊசி அல்ல. நோய் முன்பு தலைகாட்டிய ஊர்களிலும் அவற்றைச் சுற்றியுள்ள பகுதிகளிலும்தான் ஆண்டுக்கு ஒரு முறை போடுகிறார்கள். அப்படியானால் வடசென்னையில் எதற்கு இந்தப் பேச்சு என்று கேட்கலாம். மாதவரம், கொடுங்கையூர், வியாசர்பாடிப் பக்கம் கால்நடை ஆய்வாளராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். செங்குன்றம் வழியாக ஆந்திராவிலிருந்து ஆடுகள் லாரி லாரியாக வந்து இறங்குவதை வாழ்நாளெல்லாம் பார்த்திருக்கிறேன். புளியந்தோப்பு ஆட்டுத்தொட்டிக்குப் போகிறவை போக, வளர்ப்புக்கு என்றும் பக்ரீத்துக்கு என்றும் பல ஆடுகள் நம் சந்துகளில் கட்டப்படுகின்றன. பெரியமேட்டில் தோல் வியாபாரம் நடக்கிறது. சித்தூர், வேலூர் எல்லைப் பகுதியோ இந்த நோயைப் பலமுறை பார்த்த மண். 2022 மார்ச்சில் ஐஐடி வளாகத்தில் மான்கள் அடுத்தடுத்து இறந்தபோது ஆந்த்ராக்ஸ் பேச்சு நகரத்துக்குள்ளேயே எழுந்தது. அன்று கொடுங்கையூரில் மாடு வைத்திருந்தவர்கள் என்னிடம் கேட்ட கேள்விகளுக்கெல்லாம் பதில் சொல்லவே இதை எழுதுகிறேன்.

முதலில் பெயரைச் சரியாகச் சொல்லிக் கேளுங்கள். அடைப்பான் என்பது ஆந்த்ராக்ஸ். தொண்டை அடைப்பான் வேறு நோய், சப்பை நோய் வேறு நோய். மூன்றுக்கும் தனித்தனிக் கிருமி, தனித்தனி ஊசி. "போன மழைக்கு முன்னால் அடைப்பானுக்குப் போட்டாயிற்று சார்" என்று சொல்பவர்களின் அட்டையை வாங்கிப் பார்த்தால், பெரும்பாலும் அதில் தொண்டை அடைப்பான் என்றுதான் எழுதியிருக்கும். அந்த ஊசி ஆந்த்ராக்ஸைத் தடுக்காது.

போட வேண்டுமா என்று முடிவு செய்வது

இந்த முடிவைக் கால்நடை மருத்துவர்தான் எடுக்க வேண்டும். மருந்துக் கடையில் வாங்கி நீங்களே போட்டுக்கொள்ளும் ஊசி அல்ல இது, உயிருள்ள மருந்து. ஆனால் மருத்துவர் சரியாக முடிவெடுக்க உங்களிடமிருந்து சில தகவல்கள் வேண்டும். ஆடு அல்லது மாடு எந்த ஊரிலிருந்து வந்தது, யாரிடம் வாங்கினீர்கள், அந்த ஊரில் அண்மையில் கால்நடைகள் காரணம் தெரியாமல் செத்தனவா, உங்கள் தொழுவத்திலோ பக்கத்திலோ அப்படி ஏதும் நடந்ததா, மேய்ச்சல் எங்கே, தீவனம் எங்கிருந்து வருகிறது. சினை, கறவை, வயது, இப்போது கொடுத்துக்கொண்டிருக்கும் மருந்து ஆகியவற்றையும் சொல்லுங்கள். இவற்றை ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு அரசு கால்நடை மருந்தகத்துக்குப் போங்கள். வேப்பேரியில் 1903இல் தொடங்கிய கால்நடை மருத்துவக் கல்லூரியின் மருத்துவமனையும் நமக்குத் தொலைவில் இல்லை. பரிசோதனை தேவைப்பட்டால் மாதவரம் பால்பண்ணை வளாகத்தில் கால்நடை மருத்துவப் பல்கலைக்கழகத்தின் ஆய்வகங்கள் இருக்கின்றன.

ஊசி தேவையில்லை என்று மருத்துவர் சொன்னால் வற்புறுத்தாதீர்கள். தேவை என்று சொன்னால் தள்ளிப்போடாதீர்கள். வடகிழக்குப் பருவமழைக்கு ஒன்றிரண்டு மாதம் முன்பு, அதாவது ஆகஸ்டு, செப்டம்பர் வாக்கில் போட்டுவிடுவது நல்லது. நீண்ட வெயிலுக்குப் பிறகு பெய்கிற மழை, மண்ணுக்குள் உறங்கும் ஆந்த்ராக்ஸ் வித்துகளை (கிருமியின் உறங்கு வடிவத்தை) மேலே கொண்டுவந்து புல்லில் சேர்க்கிறது. அந்த வித்துகள் பல பத்தாண்டுகள் சாகாமல் கிடக்கும். ஸ்காட்லாந்துக் கரையோரத்தில் உள்ள க்ருயினார்டு தீவில் 1942இல் பிரிட்டிஷ் அரசு ஆந்த்ராக்ஸ் ஆயுதச் சோதனை நடத்தியது. 1986இல் அந்த மண்ணையே ஃபார்மால்டிஹைடு கரைசலால் நனைத்துச் சுத்தம் செய்தார்கள். 1990இல்தான் தீவு பாதுகாப்பானது என்று அறிவித்தார்கள். ஒரு மாடு செத்த இடத்தில் ரத்தம் சிந்த விடக்கூடாது என்று நாங்கள் கெஞ்சுவதற்குக் காரணம் இதுதான்.

குப்பிக்குள் என்ன இருக்கிறது

உயிருள்ள கிருமியையே மாட்டுக்குள் செலுத்துகிறார்கள் என்று கேட்டவுடன் பலருக்கு முகம் மாறிவிடும். நியாயமான பயம்தான். அதனால் இந்த மருந்து வந்த வழியைச் சொல்கிறேன்.

1881 மே 5 அன்று, பிரான்சில் பூய்லி-லெ-ஃபோர் என்ற ஊரில், லூயி பாஸ்டர் ஊரார் முன்னிலையில் 24 செம்மறிகளுக்கும் ஒரு வெள்ளாட்டுக்கும் ஆறு மாடுகளுக்கும் தன் தடுப்பு மருந்தைப் போட்டார். மே 17இல் இரண்டாவது ஊசி. மே 31இல் ஊசி போட்டவை, போடாதவை எல்லாவற்றுக்கும் வீரியம் குறையாத கிருமியைச் செலுத்தினார். ஜூன் 2ஆம் தேதி கூட்டம் வந்து பார்த்தபோது, ஊசி போடாத செம்மறிகளில் பெரும்பாலானவை செத்துக் கிடந்தன. அவற்றில் மிச்சம் இருந்த சிலவும் அன்றே செத்தன. ஊசி போட்டவை நின்றுகொண்டிருந்தன. தடுப்பூசி வரலாற்றில் பெரிய நாள் அது. ஆனால் பாஸ்டர் வகை மருந்தின் வீரியம் ஒரே சீராக இருக்கவில்லை. சில தொகுதி மருந்து பலனளிக்காமல் போனது, சில தொகுதி ஊசி போட்ட கால்நடையையே கொன்றது.

இன்று நம் மாடுகளுக்குப் போடுவது அந்த மருந்து அல்ல. 1930களில் தென்னாப்பிரிக்காவின் ஆன்டர்ஸ்டபோர்ட் ஆய்வு நிலையத்தில் மாக்ஸ் ஸ்டெர்ன் என்ற கால்நடை மருத்துவர் கண்டெடுத்த வகை இது. ஆந்த்ராக்ஸ் கிருமிக்கு இரண்டு ஆயுதங்கள். ஒன்று அது சுரக்கும் நஞ்சு. மற்றொன்று அதன் மேலுறை. ரத்த வெள்ளை அணுக்கள் விழுங்கிவிடாதபடி அந்த உறைதான் கிருமியைக் காப்பாற்றுகிறது. ஸ்டெர்ன் பிரித்தெடுத்த 34எஃப்2 என்ற வகை, உறையை உருவாக்கும் திறனை நிரந்தரமாக இழந்தது. அது உடலுக்குள் சிறிது முளைக்கும், சிறிது நஞ்சு சுரக்கும். அந்த நஞ்சை அடையாளம் கண்டு எதிர்க்க மாட்டின் உடல் கற்றுக்கொள்ளும். உறை இல்லாததால் கிருமி பரவ முடியாமல் அழிந்துவிடும். உறைக்கான மரபணுக்கள் பிளாஸ்மிட் என்ற தனி வளையத்தில் இருக்கின்றன என்பதும், ஸ்டெர்ன் வகை அந்த வளையத்தையே இழந்துவிட்டது என்பதும் பின்னாளில் தெரியவந்தன. உலகின் பெரும்பாலான நாடுகளில் இன்றும் கால்நடைகளுக்கு இதுவே. தமிழ்நாட்டில் ராணிப்பேட்டையில் உள்ள அரசு கால்நடை நோய்த் தடுப்பு மருந்து நிலையம் அடைப்பான் ஊசி மருந்தைத் தயாரிக்கிறது.

ஊசிக்கு முன்னால்

இந்தப் பகுதியை மட்டுமாவது நிதானமாகப் படியுங்கள்.

மடிவீக்கத்துக்கோ கழிச்சலுக்கோ பெனிசிலின், டெட்ராசைக்ளின் போன்ற ஆன்டிபயாடிக் கொடுத்துக்கொண்டிருந்தால் ஊசி வீண். குப்பியில் இருப்பது உயிருள்ள வித்து. ஆன்டிபயாடிக் அதைக் கொன்றுவிடும். உடல் எதையும் கற்றுக்கொள்ளாது. ஊசிக்கு ஒரு வாரம் முன்பிலிருந்து ஒரு வாரம் பின்பு வரையாவது அந்த மருந்துகள் கூடாது. மாட்டுக்கு அவசரமாக ஆன்டிபயாடிக் தேவைப்பட்டால் அதற்குத்தான் முதலிடம், ஊசியைத் தள்ளிவையுங்கள். பக்கத்துத் தொழுவத்தில் நோய் வந்துவிட்ட நேரத்தில் இரண்டையும் ஒன்றாகப் போட்டுவிடலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். எது முதலில், எத்தனை நாள் கழித்து மற்றது என்பதை மருத்துவர் வரிசைப்படுத்துவார்.

காய்ச்சலாக இருக்கிற, இளைத்துத் தளர்ந்த, நிறைசினையாக இருக்கிற கால்நடைக்குப் போடக் கூடாது. கன்றுக்கும் குட்டிக்கும் நான்கு முதல் ஆறு மாதம் ஆகியிருக்க வேண்டும்; குப்பியோடு வரும் தாளில் என்ன வயது அச்சிட்டிருக்கிறதோ அதுவே முடிவு.

வெள்ளாடுகளுக்குத் தனியாக ஒரு வார்த்தை. இந்த மருந்தில் வித்துகளோடு சபோனின் என்ற பொருளும் சேர்க்கப்படுவது உண்டு. அதற்குச் சில வெள்ளாடுகள் கடுமையாக எதிர்வினை காட்டும். ஊசி போட்ட இடம் பெரிதாக வீங்கும், ஆடு சோர்ந்து படுக்கும். எனவே ஒரே நாளில் மொத்தப் பட்டிக்கும் போடாமல், முதலில் சில ஆடுகளுக்குப் போட்டு ஓரிரு நாள் பார்த்துவிட்டு மற்றவற்றுக்குப் போடச் சொல்லிக் கேளுங்கள்.

பக்ரீத்துக்கு வளர்க்கும் ஆடு என்றால் நாள் கணக்கு முக்கியம். ஊசி போட்டவுடன் அறுக்கக் கூடாது. குறைந்தது ஆறு வாரம் இடைவெளி விடுங்கள் என்பது நான் எப்போதும் சொல்வது. தாளில் அதைவிட அதிகமாகப் போட்டிருந்தால் அதைப் பின்பற்றுங்கள். எருக்கஞ்சேரியில் ஆடு வளர்க்கும் ஓர் அம்மா, பண்டிகை நெருங்கிய நேரத்தில் வந்து, "விற்கிற ஆடு தம்பி, ஊசி போட்டால் வாங்குகிறவருக்கும் நிம்மதிதானே" என்றார். "அம்மா, இப்போது போட்டால் இந்தப் பண்டிகைக்கு இதை அறுக்கவே முடியாது. வாங்கும்போதே கேட்டிருக்கலாம், அடுத்த முறை குட்டி வாங்கிய மாதத்திலேயே வாருங்கள்" என்றேன். மறு ஆண்டு அப்படியே வந்தார்.

ஊசி போடும்போது கவனிக்க வேண்டியவை

மருந்து 2 முதல் 8 டிகிரி குளிரில் இருக்க வேண்டும், உறையக் கூடாது. ஐஸ் பெட்டியைத் திறக்கும்போது பக்கத்தில் நின்று பாருங்கள். குப்பி ஐஸ் கட்டியோடு நேரடியாக ஒட்டிக் கிடக்கக் கூடாது, வெயில் படும் திண்ணையிலும் வைக்கக் கூடாது. காலாவதித் தேதியையும் தொகுதி எண்ணையும் கைபேசியில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். யாரும் தவறாக நினைக்க மாட்டார்கள். எனக்கு அப்படிக் கேட்பவர்களைப் பார்த்தால் மகிழ்ச்சியாகத்தான் இருக்கும்.

சற்று நேரம் அசையாமல் இருந்த குப்பியைத் தூக்கிப் பார்த்தால், மேலே தெளிவாகவும் அடியில் மங்கலான படிவாகவும் இருக்கும். அந்தப் படிவில்தான் வித்துகள் இருக்கின்றன. குலுக்காமல் உறிஞ்சினால் முதல் மாட்டுக்கு வெறும் நீரும் கடைசி மாட்டுக்கு அளவுக்கு மீறிய மருந்தும் போகும். அதனால் ஒவ்வொரு முறை உறிஞ்சுவதற்கு முன்பும் குப்பியை மெதுவாகச் சாய்த்து நிமிர்த்திக் கலக்க வேண்டும். மாட்டைக் கட்டி, கழுத்தின் பக்கவாட்டில் அல்லது தோளுக்குப் பின்னால் தோலை இரு விரலால் கூடாரம் போல இழுத்துத் தூக்கி, அந்த மடிப்புக்குள் ஊசியைச் சாய்வாகச் செலுத்த வேண்டும். தோலுக்கும் சதைக்கும் நடுவே போக வேண்டிய மருந்து இது. சதைக்குள் இறக்கக் கூடாது. சரியான இடத்தில் போனால் மருந்து தடையில்லாமல் இறங்குவது விரலுக்கே தெரியும். ஒரு மாட்டுக்கு ஒரு ஊசி. அதே ஊசியை அடுத்த மாட்டுக்குக் குத்த விடாதீர்கள்.

திமிறுகிற மாட்டைப் பிடிக்கும்போது ஊசி உங்கள் கையில் குத்திவிட்டால், சோப்பும் தண்ணீரும் விட்டு நன்றாகக் கழுவிவிட்டு, குப்பியின் படத்தோடு அன்றைக்கே மருத்துவரைப் பாருங்கள். நோயை உண்டாக்கும் வலிமை இழந்த வகைதான். ஆனாலும் உயிருள்ள மருந்து என்பதால், குத்திய இடத்தை மருத்துவர் சில நாள் கவனிக்க வேண்டும்.

திறந்த குப்பியில் மீதி இருப்பதை நாளைக்கு என்று எடுத்துவைக்கக் கூடாது. சாக்கடையிலோ கொடுங்கையூர்க் குப்பையிலோ அது போய்ச் சேரக் கூடாது. காலிக் குப்பி, ஊசி எல்லாவற்றையும் போட வந்தவரிடமே திருப்பிக் கொடுத்துவிடுங்கள். கிருமி நீக்கி அழிப்பது மருந்தகத்தின் பொறுப்பு.

மறுநாள் ஊசி போட்ட இடத்தில் வீக்கம் தென்படலாம், உடம்பு கொஞ்சம் சுடலாம், பால் குறையலாம். ஓரிரண்டு நாளில், சிலவற்றுக்கு இன்னும் சற்று அதிக நாளில், தானாகவே அடங்கும். நிழலில் கட்டுங்கள், தண்ணீர் காட்டுங்கள், வேலை வாங்காதீர்கள். வீக்கத்தைப் பிழியவோ சூடு வைக்கவோ கூடாது. வீக்கம் கழுத்து முழுக்கப் பரவினாலோ மாடு மூச்சு வாங்கினாலோ உடனே மருத்துவரை அழையுங்கள். எதிர்ப்பாற்றல் வர ஒரு வாரம் முதல் இரண்டு வாரம் பிடிக்கும். அதுவரை மேய்ச்சலில் எச்சரிக்கை தேவை. ஓராண்டு கழிந்தால் மீண்டும் போட வேண்டும்.

கால்நடை திடீரென்று செத்துவிட்டால்

மாலை வரை நன்றாகத் தின்ற மாடு காலையில் செத்துக் கிடக்கிறது. வயிறு உப்பியிருக்கிறது. மூக்கு, வாய், ஆசனவாயிலிருந்து கருத்த ரத்தம் வடிந்து, உறையாமல் இருக்கிறது. கால்கள் விறைக்கவில்லை. இப்படி இருந்தால் அடைப்பானாக இருக்கலாம் என்றே வைத்துக்கொண்டு நடந்துகொள்ளுங்கள்.

தோலை உரிக்காதீர்கள், வயிற்றைக் கிழிக்காதீர்கள், துண்டு போட்டு விற்காதீர்கள். இதை எத்தனை முறை சொன்னாலும் போதாது. மூடிய உடலுக்குள் காற்று இல்லை. அழுகல் தொடங்கியதும் கிருமிகள் சில நாளில் தாமாகவே சாகின்றன. கத்தி வைத்துத் திறந்த கணத்தில் காற்று பட்டு அவை வித்துகளாக மாறுகின்றன. அதன் பிறகு அந்தத் தரையை யாராலும் எளிதில் சுத்தம் செய்ய முடியாது. ரத்தத்தைத் தண்ணீர் ஊற்றிக் கழுவிவிடவும் கூடாது; அது கிருமியைத் தெருவுக்கே எடுத்துப் போகும். நாயும் காக்கையும் அண்டாமல் தார்ப்பாய் போட்டு மூடி, குழந்தைகளைத் தள்ளி நிறுத்தி, கால்நடை உதவிக்கான 1962க்கும் மாநகராட்சியின் 1913க்கும் அழையுங்கள். 2009ஆம் ஆண்டு கால்நடைத் தொற்றுநோய்த் தடுப்புச் சட்டப்படி ஆந்த்ராக்ஸ், தெரிவித்தே தீர வேண்டிய நோய்.

மருத்துவர் வந்து காது ரத்தக் குழாயிலிருந்து ஒரு துளி ரத்தம் எடுத்துக் கண்ணாடிச் சில்லில் பூசுவார். மெத்திலீன் நீலம் ஏற்றி நுண்ணோக்கியில் பார்த்தால், நீலக் கோல்களைச் சுற்றி இளஞ்சிவப்பு உறை தெரியும். மெக்ஃபேடியன் என்ற பிரிட்டிஷ் கால்நடை மருத்துவர் 1903இல் சொன்ன முறை; இன்றும் அதுவே கைகொடுக்கிறது. உடலை எரிப்பதோ ஆழக் குழியில் புதைப்பதோ அதிகாரிகள் மேற்பார்வையில்தான் நடக்க வேண்டும். இழப்பு பெரிதுதான். கறவை மாடு ஒன்று போனால் ஒரு குடும்பத்தின் மாத வருமானம் போகிறது என்பதை அறிவேன். ஆனால் அந்தத் தோலுக்கும் கறிக்கும் கிடைக்கிற பணம் ஓர் உயிருக்கு ஈடாகாது.

மனிதர்களுக்கான ஊசி

மாட்டு ஊசியை மனிதருக்குப் போடவே கூடாது. மனிதர்க்கான ஊசி வேறு. ரஷ்யா, சீனா போன்ற சில நாடுகளில் மனிதர்க்கும் உயிருள்ள வித்து மருந்தைத் தோலில் கீறிச் செலுத்தும் முறை இருந்துவந்தது. அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் உள்ள ஊசிகளில் கிருமியே இல்லை. கிருமி வளர்ந்த திரவத்தை வடிகட்டி, அதிலுள்ள பாதுகாப்பு ஆன்டிஜென் என்ற புரதத்தை அலுமினிய உப்போடு சேர்த்துத் தருகிறார்கள். அதனால் அந்த ஊசியால் ஆந்த்ராக்ஸ் வராது.

பெரியமேட்டில் தோல் மண்டியில் வேலை செய்கிறவர்களுக்கு இந்த ஊசியின் கதை தெரிந்திருக்க வேண்டும். 1950களில் அமெரிக்காவில் ஆட்டு ரோம ஆலைத் தொழிலாளர்களிடம்தான் இதன் முன்னோடியைச் சோதித்தார்கள். ஆசியாவிலிருந்து வந்த ரோமப் பொதிகளில் வித்துகள் இருந்தன. 1957இல் நியூ ஹாம்ப்ஷயரில் மான்செஸ்டர் நகர ஆலை ஒன்றில் ஒன்பது பேருக்கு நோய் வந்து நான்கு பேர் இறந்தார்கள். அவர்களில் ஒருவர்கூட முழுத் தடுப்பூசி பெற்றவர் அல்ல. 1962இல் வெளியான ஆய்வு முடிவு, தடுப்பாற்றல் 92.5 விழுக்காடு என்றது. மேம்படுத்திய வடிவத்துக்கு 1970இல் அங்கே உரிமம் கிடைத்தது.

1998இல் அமெரிக்க ராணுவத்தினருக்கு இதைக் கட்டாயமாக்கியபோது பெரும் எதிர்ப்பு எழுந்தது. 2004இல் நீதிமன்றம் கட்டாயத்தை நிறுத்திவைத்தது. இடையில் 2002இல் அந்நாட்டு மருத்துவக் கழகத்தின் வல்லுநர் குழு, கிடைத்த ஆதாரங்களை ஆராய்ந்து, ஊசி பலனளிக்கக்கூடியது, ஏற்கத்தக்க அளவு பாதுகாப்பானது என்று முடிவு சொன்னது. கை வலி, சிவப்பு, சிறு கட்டி, தலைவலி, உடல்வலி, அசதி ஆகியவை பரவலாக வரும். ஆண்களைவிடப் பெண்களுக்குக் கைவலியும் கட்டியும் அதிகம். கடுமையான ஒவ்வாமை அரிது. எனக்கு அந்தக் குழுவின் முடிவு நியாயமாகவே படுகிறது. ஆனால் ஆபத்தில் இல்லாதவருக்கு ஊசி தேவையில்லை என்பதும் அதே அளவு நியாயம். தொடர்ந்து ஆபத்தில் வேலை செய்பவர்களுக்கு அங்கே தொடக்கத்தில், ஒரு மாதத்தில், ஆறு மாதத்தில் என மூன்று ஊசி; பிறகு ஊக்க ஊசிகள். வித்துகளைச் சுவாசித்துவிட்டவர்களுக்கு ஊசியோடு 60 நாள் ஆன்டிபயாடிக்கும் உண்டு, ஏனென்றால் வித்துகள் நுரையீரலில் வாரக்கணக்கில் உறங்கிக் கிடக்கக்கூடும். 2023இல் இரண்டே ஊசியில் முடியும் புதிய வடிவத்துக்கும் அனுமதி கிடைத்தது.

நம் நாட்டுப் பொதுத் தடுப்பூசித் திட்டத்தில் இது இல்லை. மாடு வளர்ப்பவரும் கறிக்கடைக்காரரும் தோல் தொழிலாளியும் இதைத் தேடி அலைய வேண்டியதில்லை. கையுறை, முழுக்கைச் சட்டை, காயத்துக்குக் கட்டு, வேலை முடிந்ததும் சோப்புக் குளியல், எங்கிருந்து வந்தது என்று தெரியாத தோலைத் தூசி பறக்க உதறாமல் இருப்பது ஆகியவையே உங்களுக்குப் பாதுகாப்பு. கையிலோ முகத்திலோ அரிப்போடு ஒரு கொப்புளம் வந்து, வலிக்காமல் நடுவில் கருத்துப் பொருக்குத் தட்டினால், சுற்றிலும் வீங்கினால், வலிக்கவில்லையே என்று விட்டுவிடாதீர்கள். ஸ்டான்லி மருத்துவமனைக்கோ தண்டையார்பேட்டை தொற்றுநோய் மருத்துவமனைக்கோ போய், "ஆடு, மாடு, தோல் வேலை பார்க்கிறேன்" என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். தோலில் வரும் ஆந்த்ராக்ஸ் கவனிக்காமல் விட்டால் ஐந்தில் ஒருவரைக் கொல்லக்கூடியது. சரியான ஆன்டிபயாடிக்கை நேரத்தோடு தொடங்கினால் சாவு மிக அரிது.